பழைய கில்லார்னி தபால் அட்டைகள்: இதில் இருப்பது நிஜ வாழ்க்கையா, போஸ் கொடுத்ததா?

ட்ராலி_மழை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். நான் அயர்லாந்தில் கெர்ரி கவுண்டியில், ட்ராலியில் இருக்கிறேன். முதியோர் இல்லம் ஒன்றில் நர்ஸ் வேலை, ஆறு வருடமாகிறது. போன ஞாயிறு நைட் டியூட்டி முடிந்து வரும் வழியில், ஒரு மைதானத்தில் கார் டிக்கிகளைத் திறந்து வைத்துப் பழைய சாமான் விற்றுக்கொண்டிருந்தார்கள். ஒரு ஷூ டப்பாவில் பழைய தபால் அட்டைகள், மொத்தம் 11. பத்து யூரோ சொன்னார், எட்டுக்குக் கொடுத்தார். தூக்கக் கலக்கத்தில் வாங்கியதுதான். ஆனால் ஒரு வாரமாக அதையே புரட்டிக்கொண்டிருக்கிறேன்.

நாலு அட்டைகளைப் பற்றித்தான் கேட்க வேண்டும்.

முதலாவது, கில்லார்னியில் ஒரு பெரிய கட்டடத்துக்கு முன்னால் குதிரை வண்டிகள் வரிசையாக நிற்கின்றன. வண்டியில் ஏறியிருப்பவர்கள் முன்னால் பார்த்து உட்காரவில்லை. முதுகோடு முதுகாக, சாலையின் இரண்டு பக்கமும் பார்த்து உட்கார்ந்திருக்கிறார்கள். கால் சக்கரத்துக்கு மேலே தொங்குகிறது. விழுந்துவிட மாட்டார்களா?

இரண்டாவது, கூரை வேய்ந்த ஒரு சின்ன வீடு. பாதி உயரத்துக்கு மட்டும் சாத்திய கதவு. வாசலில் ஒரு வயதான அம்மா, பக்கத்தில் ராட்டை. முகத்தில் சிரிப்பே இல்லை.

மூன்றாவது, மலைக் கணவாய் மாதிரி ஓர் இடம். 'கேப் ஆஃப் டன்லோ' என்று அச்சடித்திருக்கிறது. குட்டைக் குதிரைமேல் தொப்பி போட்ட சீமாட்டிகள். ஓரமாக மூன்று பெண்கள், தலையில் சால்வை, காலில் செருப்பில்லை. ஒருத்தி கையில் தகரக் குவளை, இன்னொருத்தி கையில் பாட்டில். பிச்சையெடுக்கிறார்களா, விற்கிறார்களா, ஒன்றும் புரியவில்லை.

நாலாவது மட்டும் கலர். ஒரு பையன், ஒரு பெண், இரண்டு பேருக்கும் செம்பட்டை முடி. நடுவில் கழுதை, அதன் இரு பக்கமும் கூடையில் டர்ஃப் கட்டிகள் (சதுப்பு நிலத்தில் வெட்டிக் காயவைத்து எரிக்கிற மண்). வானம் அவ்வளவு நீலம்! ஆறு வருடத்தில் இப்படி ஒரு நீலத்தை நான் இங்கே பார்த்ததில்லை.

ராட்டை அட்டையை எங்கள் இல்லத்தில் இருக்கும் ஒரு பாட்டியிடம் காட்டினேன். தொண்ணூறைத் தாண்டியவர், மலைப் பக்கத்துப் பண்ணையில் வாழ்ந்தவர். அட்டையைக் கையில் வாங்கி ரொம்ப நேரம் பார்த்தார். அப்புறம், "யார் இப்படி ராட்டையை வாசலில் வைப்பார்கள்? மழை வந்தால் கம்பளி என்ன ஆவது?" என்று சிரித்தார். அதிலிருந்துதான் எனக்குச் சந்தேகம். இதெல்லாம் வந்த பயணிகளுக்காகப் போட்ட நாடகமா? உண்மையில் அந்தக் காலத்தில் இங்கே எப்படி வாழ்ந்தார்கள்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

ஸ்டாம்ப்_பைத்தியம் எழுதியது:

முதலில் படத்தைத் திருப்புங்கள். எல்லாரும் முன்பக்கத்தையே பார்க்கிறார்கள், வயதைச் சொல்வது பின்பக்கம்தான்.

அன்றைக்கு அயர்லாந்து முழுவதும் பிரிட்டிஷ் தபால் விதிதான். 1902 வரை அட்டையின் பின்பக்கத்தில் முகவரி மட்டும்தான் எழுதலாம். சேதி எழுத வேண்டுமானால் படத்தின் ஓரத்தில்தான் இடம். நடுவில் கோடு போட்டு இடப்பக்கம் சேதி, வலப்பக்கம் முகவரி என்று இருந்தால் 1902-க்குப் பிறகு அச்சடித்தது. உள்நாட்டு அட்டைக்கு அரை பென்னிதான். 1918 ஜூனில் அது ஒரு பென்னி ஆனது. தாடி வைத்த ராஜா இரண்டு பேர் உண்டு. தலை வழுக்கையாக இருந்தால் ஏழாம் எட்வர்ட், முடி இருந்தால் ஐந்தாம் ஜார்ஜ். 1922-இல் ராஜா முகத்தின்மேலேயே கறுப்பு மையில் ஐரிஷ் எழுத்தை அச்சடித்து விற்றார்கள். அயர்லாந்துக்கென்று புது அரசு வந்துவிட்டது, புது ஸ்டாம்ப் இன்னும் தயாராகவில்லை. அந்த ஸ்டாம்ப் ஒட்டியிருந்தால் அதைத் தனியாக வையுங்கள், எனக்கு ஒரு சேதி போடுங்கள்!

அப்புறம் படத்தின் கீழ் மூலையில் ஓர் எண்ணும் 'டபிள்யூ.எல்.' என்ற எழுத்தும் இருக்கிறதா என்று பூதக்கண்ணாடி வைத்துப் பாருங்கள். இருந்தால் டப்ளின் வில்லியம் லாரன்ஸ் கம்பெனி எடுத்தது. லாரன்ஸ் கடை முதலாளிதான். காமிராவைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராக அலைந்தவர் அவரிடம் வேலை பார்த்த ராபர்ட் ஃப்ரெஞ்ச். சுமார் 40,000 கண்ணாடி நெகடிவ்கள் இன்றைக்கு அயர்லாந்து தேசிய நூலகத்தில் இருக்கின்றன. லாரன்ஸின் கடை சாக்வில் தெருவில் இருந்தது, இப்போதைய ஓ'கானல் தெரு. 1916-இல் பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராக நடந்த ஈஸ்டர் எழுச்சியில் கடை எரிந்துபோனது, ஆட்களை உட்கார வைத்து எடுத்த படங்களின் நெகடிவ்களும் அதோடு போயின. இயற்கைக் காட்சி, ஊர்க் காட்சி நெகடிவ்கள் வேறிடத்தில் இருந்ததால் தப்பின.

ஒரு எச்சரிக்கை. ஸ்டாம்பின் வருடம் படத்தின் வருடம் ஆகாது. ஒரே நெகடிவை இருபது முப்பது வருடம் திரும்பத் திரும்ப அச்சடித்து விற்பார்கள். 1910-இல் தபாலில் போட்ட அட்டையில் இருக்கும் குதிரை எப்போதோ செத்திருக்கலாம்.

---

கில்லார்னி_கிச்சன் எழுதியது:

தங்கச்சி, உங்கள் பாட்டி சொன்னது பாதி சரி. மீதிப் பாதியை நான் சொல்கிறேன். 18 வருடமாகக் கில்லார்னியில் ஓட்டல் சமையலறையில் வேலை. பக்கத்து வீட்டுப் பெரியவர் குதிரை வண்டி ஓட்டியவர், அவர் அப்பாவும் தாத்தாவும் அதே தொழில். மழைநாளில் (அதாவது பெரும்பாலான நாளில்) அவர் கணப்புக்கு முன்னால் உட்கார்ந்து கேட்ட கதைகள்தான் எனக்குத் தெரிந்த அயர்லாந்து.

ராட்டை விஷயத்துக்கு முதலில் வருகிறேன். அந்தக் கால வீட்டுக்கு ஒரு சின்ன ஜன்னல், சிலவற்றுக்கு அதுவும் கிடையாது. உள்ளே டர்ஃப் நெருப்பின் புகை, சுவரெல்லாம் கரி. கண்ணாடி நெகடிவில் படம் எடுக்க வெளிச்சம் வேண்டும். அந்த இருட்டில் எடுத்தால் ஒன்றும் விழாது. காமிராக்காரன் என்ன செய்வான்? "அம்மா, அதைக் கொஞ்சம் வாசலுக்குக் கொண்டு வாருங்கள்" என்பான். அம்மா கொண்டு வருவார். ராட்டை நிஜம், கை நிஜம், வீடும் நிஜம். வாசலில் வைத்ததுதான் காமிராவுக்காக. சிரிக்காததற்கும் காரணம் தேட வேண்டாம், வேலையை விட்டுவிட்டு ஓர் அந்நியன் முன்னால் ஆடாமல் அசையாமல் நின்றால் யாருக்குச் சிரிப்பு வரும்?

ஒன்று பார்த்துச் சொல்லுங்கள். அந்த அம்மா நிற்கிறாரா, உட்கார்ந்திருக்கிறாரா? பெரிய சக்கரமாக இருந்து நின்றுகொண்டு நூற்றால் அது கம்பளி, மேற்கு அயர்லாந்தில் அதுதான் வழக்கம். சின்ன ராட்டையில் உட்கார்ந்து மிதித்து நூற்பது வடக்கே லினன் துணிக்கு ஆளிநார் நூற்றவர்களின் பழக்கம். கெர்ரி என்று அட்டையில் போட்டிருந்து ராட்டை மட்டும் சின்னதாக இருந்தால் அப்போது நாடகம் என்று சந்தேகப்படலாம்.

பாதிக் கதவைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன். கீழ்ப்பாதி சாத்தியிருக்கும், மேல்பாதி திறந்திருக்கும். கோழியும் பன்றியும் உள்ளே வராது, குழந்தை வெளியே போகாது, வெளிச்சமும் காற்றும் வரும். பெரியவர் இன்னொன்றும் சொல்வார்: முழங்கையை ஊன்றிக்கொண்டு ஊர்க்கதை பேச அதைவிட நல்ல சாமான் இதுவரை யாரும் கண்டுபிடிக்கவில்லையாம்.

சரி, வண்டி. அதன் பெயர் 'ஜான்டிங் கார்'. இங்கே மோட்டார் வருவதற்கு வெகுகாலம் முன்பே 'கார்' என்றால் இதுதான். ஓட்டுகிறவர் 'ஜார்வி'. பயணிகளுக்காக விசேஷமாகச் செய்ததில்லை, ஊரில் எல்லாரும் போன வண்டிதான். பியாங்கோனி என்று ஓர் இத்தாலிக்காரர், படம் விற்றுக்கொண்டு இந்த நாட்டுக்கு வந்தவர், 1815-இல் க்ளான்மெலிலிருந்து காஹிருக்கு இப்படி ஒரு காரைத் தினமும் விட ஆரம்பித்தார். பஸ் சர்வீஸ் மாதிரி. கூட்டம் சேரச் சேர வண்டியை நீளமாக்கினார், அதிலும் முதுகோடு முதுகுதான். கால் தொங்குவதாக உங்களுக்குத் தோன்றுவது, கீழே மடித்துவிட்ட பலகைமேல் வைத்திருப்பதால். இரண்டு இருக்கைக்கும் நடுவில் கிணறு மாதிரி ஒரு பள்ளம் உண்டு, மூட்டை முடிச்செல்லாம் அதில். மழைக்கு மேலே ஒன்றும் கிடையாது. ஒரு கம்பளத்தை மடிமேல் போர்த்திக்கொண்டு கடவுளை வேண்டிக்கொள்ள வேண்டியதுதான்.

உங்கள் அட்டையில் உள்ள பெரிய கட்டடம் ரயில்வே ஓட்டலாக இருக்கலாம். 1853-இல் கில்லார்னிக்கு ரயில் வந்தது, அடுத்த வருடமே ஸ்டேஷனுக்கு எதிரில் ரயில்வே கம்பெனியே ஓட்டல் கட்டிவிட்டது. இந்த நாட்டில் ரயில்வே கட்டிய முதல் ஓட்டல் அது. அதற்கப்புறம் 1861 ஆகஸ்டில் விக்டோரியா ராணி வந்தார், மக்ரஸ் மாளிகையில் தங்கினார். கூட வந்த தோழிப் பெண்கள் ஏரிகளைப் பார்த்து வாயைப் பிளந்த இடத்துக்கு 'லேடீஸ் வியூ' என்று பெயர். இன்றைக்கும் பஸ் அங்கே நிற்கிறது. ராணிக்காக மாளிகையை அலங்கரித்த ஹெர்பர்ட் குடும்பம் பின்னால் கடனில் மூழ்கி, அந்த நூற்றாண்டு முடிவதற்குள் மாளிகையே கைமாறிப் போனது.

அப்போதைய ஒரு நாள் சுற்று இன்றைக்கும் பெரிதாக மாறவில்லை என்பது எனக்கு ஆச்சரியம். காலையில் ஜான்டிங் காரில் கேட் கார்னி குடிசை வரை. அங்கே இறங்கிக் குதிரைமேல் கணவாய்க்குள். மறுபக்கம் இறங்கினால் பிரான்டன் பிரபுவின் குடிசை. அங்கே படகு காத்திருக்கும், மூன்று ஏரியையும் கடந்து சாயங்காலம் ராஸ் கோட்டைக்கு வந்து சேர வேண்டும். வழியெல்லாம் யாராவது ஒருவர் ஏதாவது ஒன்றைச் செய்து காசு வாங்குவார். கழுகுக்கூடு என்று ஒரு பாறை உண்டு. அதன்கீழ் படகை நிறுத்தி ஒருவர் பியூகிள் ஊதுவார், மலை திருப்பி ஊதும். சின்னப் பீரங்கி வெடிப்பதும் உண்டு. 'பாடி பிளேக்கின் எதிரொலி' என்று ஒரு பழைய ஜோக். மற்ற இடத்தில் எதிரொலி கேட்டதையே திருப்பிச் சொல்லும், இங்கே மட்டும் "எப்படி இருக்கிறாய்?" என்று கத்தினால் "நல்லா இருக்கேன், ரொம்ப நன்றி" என்று மரியாதையாகப் பதில் வருமாம்.

இப்போது உங்கள் மூன்றாவது அட்டை. அந்தப் பெண்கள் பிச்சை எடுக்கவில்லை. குவளையில் இருப்பது ஆட்டுப் பால். பாட்டிலில் இருப்பது பொச்சீன், திருட்டுச் சாராயம். இரண்டையும் கலந்து 'மலைப் பனி' என்று விற்பார்கள். கேட் கார்னி என்ற பெண்ணின் பெயர் அந்தக் குடிசைக்கு வந்ததே பொச்சீனால்தான். சட்டப்படி குற்றம், ஊரறிந்த ரகசியம். சீமாட்டி ஒரு மிடறு குடித்து இருமுவார், கூட வந்தவர்கள் சிரிப்பார்கள், காசு கைமாறும். பெரியவரின் தாத்தா சொல்வாராம்: அந்தப் பெண்கள் குதிரைக்குச் சமமாக மைல் கணக்கில் வெறுங்காலில் ஓடியே வருவார்கள், "வேண்டாம்" என்று பத்துத் தடவை சொன்னவர் பதினோராவது தடவை வாங்கிவிடுவார்.

ஜார்வியும் லேசுப்பட்ட ஆளில்லை. பெரியவர் தொழிலுக்கு வந்தபோது அவர் அப்பா சொல்லிக்கொடுத்த முதல் பாடம் குதிரையைப் பற்றியதில்லை, வானத்தைப் பற்றியது. வெயில் அடித்தால் "இன்றைக்கு ஏரியைப் பார்க்காமல் போனால் பாவம்" என்று சொல்ல வேண்டும். மழை கொட்டினால் "டார்க் அருவியைப் பார்க்க இதைவிட நல்ல நாள் கிடையாது" என்று சொல்ல வேண்டும். எந்த வானத்துக்கும் ஒரு சவாரி உண்டு.

கலர் அட்டை ஜான் ஹிண்ட் கம்பெனியுடையதா என்று பின்னால் பாருங்கள். இங்கிலாந்துக்காரர், 1950-களின் நடுவில் டப்ளினில் ஆரம்பித்தார். அந்த நீலம் அயர்லாந்தில் உருவானதே இல்லை, அச்சுக்கான கலர் வேலை மிலானில் நடந்தது. எந்தக் கலரைத் தூக்க வேண்டும் என்று அவர் எழுதி அனுப்புவார், அங்கே தூக்குவார்கள். படத்தின் முன்னால் அசிங்கமாக ஏதாவது தெரிந்தால் ரோடோடென்ட்ரான் கிளையை வெட்டிக்கொண்டு வந்து மறைத்துவிடுவாராம். அவர் அட்டைகளில் அந்தப் பூ எங்கே பார்த்தாலும் பூத்திருப்பது அதனால்தான்.

---

லிஃபிக்கரை எழுதியது:

கில்லார்னி அண்ணன் எல்லாவற்றையும் வேடிக்கை மாதிரி எழுதிவிட்டார். எனக்கு அந்த அட்டைகளைப் பார்த்தால் எரிச்சல்தான் வருகிறது. 1841-இல் 81 லட்சத்துக்கு மேல் இருந்த ஜனத்தொகை 1851-இல் 65 லட்சம். பத்து லட்சம் பேர் உருளைக்கிழங்குப் பஞ்சத்தில் செத்தார்கள், அதே அளவு பேர் கப்பல் ஏறினார்கள். அந்த ஈரம் காய்வதற்குள் ரயில் விட்டு, ஓட்டல் கட்டி, வெறுங்கால் பெண்களைப் படம் பிடித்து அரை பென்னி ஸ்டாம்ப் ஒட்டி அனுப்பியிருக்கிறார்கள். ஏழ்மையைக் காட்சிப் பொருளாக்கி விற்றதற்குப் பெயர் சுற்றுலாவா?

---

ட்ராலி_மழை எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. பூதக்கண்ணாடி வாங்கிவிட்டேன்!

வண்டி அட்டையிலும் ராட்டை அட்டையிலும் மூலையில் எண்ணும் 'டபிள்யூ.எல்.' என்பதும் இருக்கின்றன. அந்த அம்மா நிற்கிறார் அண்ணா, சக்கரம் அவர் தோள் உயரம் இருக்கிறது. அப்படியானால் கம்பளி, இல்லையா? கலர் அட்டையில் நீங்கள் சொன்ன பெயரேதான். சிரிப்பு வந்துவிட்டது, ஏனென்றால் இடது மூலையில் ஒரு ரோடோடென்ட்ரான் கிளை, வேர் எங்கே என்றே தெரியவில்லை.

பாட்டியிடம் வெளிச்சம் விஷயத்தைச் சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு "ஆமாம், உள்ளே இருட்டுதான்" என்றார். அவர் வீட்டில் மண்ணெண்ணெய் விளக்குதானாம், கரண்ட் வந்தபோது அவருக்குக் கல்யாணமே ஆகிவிட்டது. முதல் நாள் பல்பு எரிந்ததும் அவர் மாமியார் சுவரைப் பார்த்துவிட்டு வெள்ளையடிக்க ஆள் கூப்பிடச் சொன்னாராம். அதுவரை கரி தெரியவில்லை.

லிஃபிக்கரை சொல்வது எனக்கும் உறுத்துகிறது. அந்தப் பெண்களின் முகத்தைப் பூதக்கண்ணாடியில் பார்த்தேன். ஒருத்திக்குப் பதினைந்து வயதுகூட இருக்காது. அவர்களுக்கு வேறு வழியே இல்லையா? வீட்டில் என்ன சாப்பிட்டிருப்பார்கள்?

---

கில்லார்னி_கிச்சன் எழுதியது:

லிஃபிக்கரை தம்பிக்கு முதலில் ஒரு வார்த்தை. கோபம் நியாயம்தான், நான் மறுக்கவில்லை. 1850-களில் கணவாயில் பால் விற்ற இருபது வயதுப் பெண், பஞ்சம் வந்தபோது பத்துப் பன்னிரண்டு வயதுச் சிறுமி. அவள் யார் யாரைப் புதைத்துவிட்டு அங்கே வந்து நின்றாளோ. ஆனால் அவளைக் காட்சிப் பொருள் என்று மட்டும் சொன்னால் எனக்கு ஒப்பவில்லை. அவள் அங்கே வியாபாரம் செய்தாள். நிலம் ஜமீன்தாருடையது, வாடகை காசாகக் கட்ட வேண்டும். உருளைக்கிழங்கைச் சாப்பிடலாம், அதைக் கொண்டு வாடகை கட்ட முடியாது. அதனால்தான் பன்றிக்கு 'வாடகை கட்டும் கனவான்' என்று பட்டம். வீட்டார் பன்றிக்கறி தின்பது அபூர்வம், அதை வளர்த்து விற்று ஜமீன்தாருக்குக் கொடுப்பார்கள். முட்டைக் காசு, வெண்ணெய்க் காசு, அமெரிக்காவிலிருந்து மகள் அனுப்பும் காசு, இதோடு கோடையில் கணவாயில் கிடைக்கும் சில்லறை. ஏழெட்டுக் குடம் தண்ணீர் ஊற்றினால்தான் தொட்டி நிறையும் என்பது மாதிரி.

வந்தவர்களிடம் சம்பாதித்தது அவமானம் என்றால், அந்தச் சம்பாத்தியத்தையும் பிடுங்கியதை என்ன சொல்வது? வடக்கே கடலோரத்தில் ஜயன்ட்ஸ் காஸ்வே என்ற கல்தூண் பாறைகளைப் பாருங்கள். தலைமுறை தலைமுறையாக அங்கே ஊர்க்காரர்கள் வழி காட்டினார்கள், படகு விட்டார்கள், பெட்டியில் கல் வைத்து விற்றார்கள். 1890-களில் ஒரு கம்பெனி அந்த இடத்தைக் குத்தகைக்கு எடுத்து வேலி போட்டது. பொதுவழியை மறிக்காதே என்று வழக்கு நடந்தது, கம்பெனிதான் ஜெயித்தது. உள்ளே போக ஆளுக்கு 6 பென்ஸ். கடலோரக் கல்லைப் பார்க்கக் காசு! 1960-களில் நேஷனல் டிரஸ்ட் என்ற பாரம்பரியப் பாதுகாப்பு அமைப்பின் கைக்கு வந்த பிறகுதான் அந்த வேலி போனது.

தங்கச்சி, சாப்பாட்டுக்கு வருகிறேன், என் தொழில் அதுதானே. பஞ்சத்துக்கு முன்னால் உழைப்பாளி ஓர் ஆள் ஒரு நாளைக்கு ஐந்தாறு கிலோ உருளைக்கிழங்கு தின்றார் என்பது கதையில்லை. வேகவைத்துக் கூடையில் கொட்டி நடுவில் வைப்பார்கள், கூட மோர். உங்கள் அட்டை 1900 பக்கம் என்றால் நிலைமை கொஞ்சம் மாறிவிட்டது. கடையில் தேநீர் வாங்கிக் குடிக்கிறார்கள், கறுப்பாக, நெருப்போரத்தில் சுண்டச் சுண்ட வைத்து. பஸ்டிபிள் என்று மூடி போட்ட இரும்புச் சட்டி. அதில் சோடா ரொட்டி மாவை வைத்து, அடியிலும் டர்ஃப் கங்கு, மூடிமேலும் டர்ஃப் கங்கு. ஓட்டலில் லட்ச ரூபாய் ஓவன் வைத்துக்கொண்டு நான் அந்த மேலோட்டைக் கொண்டுவரப் படும் பாடு எனக்குத்தான் தெரியும். வெறுங்கால் பற்றிக் கேட்டீர்களே, பூட்ஸ் இருந்தாலும் கோடையில் போட மாட்டார்கள். அது ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்கு. உங்கள் பாட்டியையே கேளுங்கள், மே மாதம் பள்ளிக்கூடத்துக்குச் செருப்பில்லாமல் போனதைச் சந்தோஷமாகச் சொல்வார்.

கரண்ட் என்றதும் ஞாபகம் வந்தது. அந்தக் கணவாயின் மறுமுனையில் இருப்பது பிளாக் வேலி. ராணி வந்த காலத்திலிருந்தே அதன் ஓரமாகப் பயணிகள் போகிறார்கள். அங்கே கரண்ட் வந்தது 1970-களில். கிராமங்களுக்குக் கரண்ட் கொடுக்கும் திட்டத்தில் முதல் கம்பம் நட்டது 1946-இல், அதற்கப்புறம் முப்பது வருடம் ஆகியிருக்கிறது. நூறு வருடம் உலகமே வந்து எட்டிப் பார்த்த பள்ளத்தாக்கில் மண்ணெண்ணெய் விளக்குக் கதைதான்.

ஆட்களைத் தேட ஆசையிருந்தால் 1901, 1911 மக்கள்தொகைக் கணக்குப் படிவங்கள் தேசிய ஆவணக் காப்பகத்தின் தளத்தில் இலவசமாகக் கிடைக்கும். வீட்டுக்கு எத்தனை அறை, முன்பக்கம் எத்தனை ஜன்னல், கூரை என்ன, எழுதப் படிக்கத் தெரியுமா, ஐரிஷ் பேசுவாரா, எல்லாம் இருக்கும். கில்லார்னிப் பக்கம் 'கார் டிரைவர்' என்று தொழில் போட்டிருந்தால் குழம்ப வேண்டாம், ஜார்விதான். வயதை மட்டும் நம்பாதீர்கள். 1909 ஜனவரியிலிருந்து எழுபது ஆனவர்களுக்கு வாரம் 5 ஷில்லிங் வரை பென்ஷன் என்று சட்டம் வந்தது. 1901-இல் 55 வயதாக இருந்த பல பேருக்கு 1911-இல் 72! பிறப்புச் சான்று கிடையாது, ஆகவே "1839 பெரும்புயல் இரவு உங்களுக்கு நினைவிருக்கிறதா?" என்று அதிகாரி கேட்பார், நினைவிருந்தால் எழுபது ஆனதாகக் கணக்கு. கெர்ரி முழுக்கப் பிரமாதமான ஞாபகசக்தி.

---

ஸ்டாம்ப்_பைத்தியம் எழுதியது:

எல்லாம் சரி. பின்பக்கத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று இன்னும் சொல்லவே இல்லையே?

---

ட்ராலி_மழை எழுதியது:

மன்னிக்கவும், படிக்க மூன்று நாள் ஆனது. கையெழுத்து அப்படி.

பதினொன்றில் ஆறு அட்டை வெற்று. நாலு, பயணம் வந்தவர்கள் இங்கிலாந்துக்குப் போட்டவை: மழை, ஏரி, மழை, ஓட்டல் வெண்ணெய் ரொம்ப நன்றாக இருக்கிறது. கணவாய் அட்டையை அனுப்பியவர் பால் குடித்ததாக எழுதி, 'பால்' என்பதன்கீழ் இரண்டு கோடு போட்டிருக்கிறார்.

ஆனால் ராட்டை அட்டை பயணி அனுப்பியது இல்லை. வழுக்கைத் தலை ராஜா, பச்சை அரை பென்னி. கில்லார்னியிலிருந்து மாலோவுக்கு ஒரு பெண் தன் அக்காவுக்கு எழுதியிருக்கிறாள். கடையில் கிடைத்த அட்டையை வாங்கி எழுதிவிட்டாள் போலிருக்கிறது, படத்தைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது. மொத்தமே நாலு வரி. வியாழக்கிழமை சாயங்கால ரயிலில் வருகிறேன். ஸ்டேஷனுக்குக் கார் அனுப்பு. அம்மாவுக்கு இருமல் குறைந்திருக்கிறது. குட்டைப் பசு நேற்று ராத்திரி கன்று போட்டது.

இன்றைக்கு மாத்திரை கொடுக்கப் போனபோது பாட்டிக்கு அதைப் படித்துக் காட்டினேன். 'கார் அனுப்பு' என்பது குதிரை வண்டி என்று விளக்கம்கூடச் சொன்னேன், அது அவருக்கு வேண்டியிருக்கவில்லை. இன்னொரு தடவை படிக்கச் சொன்னார். படித்தேன். கையை நீட்டி அட்டையை வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, முன்பக்கம் பின்பக்கம் இரண்டையும் பார்த்தார்.

"காளையா கிடாரியா என்று எழுதவே இல்லையே இந்தப் பெண்!" என்றார்.